பிசானம் அறுப்புக்கு முன்னால் ஷெட்யூலை முடி

திருநெல்வேலியில் இருந்துகொண்டே படம் எடுக்கிறேன் என்று சொன்னால் முதல் கேள்வி, “அதுக்கு மெட்ராஸ்ல இருக்கணும்லா?” என்பதாக இருக்கும். அடுத்தது, “யாரு ஹீரோ?” மூன்றாவதை யாரும் வாய்விட்டுக் கேட்க மாட்டார்கள். சாப்பாட்டுக்கு என்ன செய்கிறான் இவன் என்று முகத்திலேயே எழுதியிருக்கும்.

சாலிகிராமத்தில் அறை எடுத்து சில வருடம் உதவி இயக்குநராக இருந்துவிட்டு ஊருக்குத் திரும்பியவன் நான். குறும்படங்கள், ஒரு ஆவணப்படம், பிறகு ஒரு முழுநீளப் படம். எல்லாவற்றிலும் எழுதியவனும் நான், இயக்கியவனும் நான், பாதி நாள் புரொடக்‌ஷன் மேனேஜரும் நானேதான். மூன்று வேலையையும் ஒரே ஆள் பார்ப்பதில் ஒரு வசதி உண்டு. எந்த வரிக்கு எவ்வளவு செலவாகும் என்பது எழுதும்போதே கையில் உறைத்துவிடும். பெரிய படத்தில் எழுத்தாளர் எழுதிவிட்டுப் போய்விடுவார், செலவை வேறொருவர் சுமப்பார். நம்மிடம் அந்த வேறொருவர் இல்லை. அதனால் நான் நோட்டின் இடப்பக்கத்தில் காட்சியை எழுதுவேன், வலப்பக்கத்தில் அந்தக் காட்சிக்காக யாரிடமெல்லாம் போய் நிற்க வேண்டும் என்று எழுதுவேன். வலப்பக்கம் நீண்டுகொண்டே போனால் இடப்பக்கத்தைத் திருத்துவேன்.

முதலில் வயல். தாமிரபரணிப் பாசனத்தில் கார், பிசானம் என்று இரண்டு போகம். அணையில் தண்ணீர் இருந்தால் ஆனி வாக்கில் கார் தொடங்கும், புரட்டாசியில் அறுப்பு. பிசானம் ஐப்பசி, கார்த்திகையில் நட்டு மாசி, பங்குனியில் அறுப்புக்கு வரும். சென்னையிலிருந்து வரும் ஒளிப்பதிவாளருக்கு எல்லாம் பச்சை. ஆனால் நடவு முடிந்து வேர் பிடித்த பச்சை வேறு, கதிர் வாங்கிய பச்சை வேறு, தலை சாய்ந்து மஞ்சள் ஓடும் பச்சை வேறு. நாலாவது சீனிலும் முப்பதாவது சீனிலும் அதே வரப்பில் அப்பாவும் மகளும் நடக்கிறார்கள், கதைப்படி இரண்டுக்கும் இடையில் ஒரு வாரம்தான் என்றால், இரண்டையும் ஒரே நாளில் எடுத்தாக வேண்டும். ஒரு மாதம் கழித்து வந்தால் எடிட்டில் ஒட்டவே ஒட்டாது.

கல்லிடைக்குறிச்சிக்கும் சேரன்மகாதேவிக்கும் இடையில், கன்னடியன் கால்வாய்ப் பாசனத்தில் ஒரு வயலைப் பேசி வைத்திருந்தோம். வயல்காரர் தங்கமான மனிதர், வாடகை என்று ஒரு பைசா கேட்கவில்லை. ஒரே ஒரு நிபந்தனைதான் போட்டார். “தம்பி, மெஷின்காரன் வெள்ளிக்கிழமை வாரேன்னுட்டான். நீங்க வியாழக்கிழமைக்குள்ள உங்க சோலிய முடிச்சிருங்க.” அறுப்பு மெஷின் மணிக்கணக்கு வாடகைக்கு ஊர் ஊராகப் போகும். சினிமாவுக்காகக் காத்திருக்காது, காத்திருக்கச் சொல்வதும் நியாயமில்லை. நடிகர் கால்ஷீட் என்றால் கெஞ்சிப் பார்க்கலாம். நெல்லிடம் என்ன கெஞ்ச?

அந்தப் படத்துக்குப் பிறகு எழுதும் முறையையே மாற்றிக்கொண்டேன். பயிர் மாறுவதைக் கதையோடு சேர்த்துவிட்டேன். குடும்பம் நன்றாக இருக்கும் பகுதி பச்சையில், வழக்கு நடக்கும் பகுதி அறுப்பு முடிந்து நெல்தாள் நிற்கும் வயலில். வயலுக்கு இரண்டு தடவை போனால் போதும், காலம் ஓடியதைக் காட்ட ‘ஆறு மாதங்களுக்குப் பிறகு’ என்று எழுத்துப் போடவும் வேண்டாம்.

அடுத்து காற்று. ஆனி, ஆடியில் பணகுடி, வள்ளியூர், ராதாபுரம் பக்கம் வெட்டவெளியில் வசனக் காட்சி வைப்பவருக்கு என் அனுதாபங்கள். ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாக வரும் மேல்காற்றுக்குத்தான் அங்கே அத்தனை காற்றாலைகள் நிற்கின்றன. மைக்குக்கு எவ்வளவு ரோமச் சட்டை போட்டாலும் ஹெட்போனில் அருவி கொட்டும்.

டப்பிங் இருக்கிறதே என்பீர்கள். தொழில்முறை நடிகருக்கு டப்பிங் சரி. நம் படத்தில் நடிப்பவர் ஆலங்குளத்துப் பெரியம்மா. இருட்டு அறையில் நிறுத்தி, திரையில் அசையும் தன் உதட்டுக்கு ஏற்பப் பேசச் சொன்னால் அவருக்கு மூச்சு முட்டும். வேறொருவரைப் பேச வைத்தால் முகம் ஆலங்குளம், குரல் வளசரவாக்கம். ஆகவே நேரடி ஒலிப்பதிவுதான். கேமரா வாடகையில் கொஞ்சம் குறைத்துக்கொண்டாவது நல்ல ஒலிப்பதிவாளரைப் பிடியுங்கள். படம் கொஞ்சம் மங்கலாக இருந்தால் அதையே ஸ்டைல் என்று சொல்லிக்கொள்ளலாம். வசனம் கேட்கவில்லை என்றால் ஆள் எழுந்து போய்விடுவான். ஒவ்வொரு இடத்திலும் காட்சி முடிந்ததும் எல்லாரையும் அசையாமல் நிறுத்தி ஒரு நிமிடம் வெறும் சத்தத்தை மட்டும் பதிவு செய்துகொள்ளுங்கள். எடிட்டில் இரண்டு வசனத்துக்கு நடுவே வெட்டும்போது அந்த ஒரு நிமிடம்தான் காப்பாற்றும்.

நேரடி ஒலிப்பதிவு என்று முடிவெடுத்தால் அடுத்த எதிரி ஊர்க் கொடை, அதாவது கோயில் திருவிழா. அம்மன் கோயிலோ சுடலைமாடன் கோயிலோ, கொடை என்றால் குழாய் ஸ்பீக்கர் இரண்டு ஊர் தாண்டிக் கேட்கும். வில்லுப்பாட்டு விடிய விடிய நடக்கும். நிறுத்தச் சொல்ல முடியுமா, சொல்லத்தான் மனம் வருமா? கொடைத் தேதிகள் எந்த அலுவலகத்திலும் கிடைக்காது. ஆனால் மைக் செட்காரரின் புக்கிங் நோட்டில் சுற்றுவட்டாரத்து ஊர் எல்லாவற்றின் தேதியும் இருக்கும். ஷெட்யூல் போடும் முன் அவர் கடையில் போய் உட்கார்ந்து ஒரு டீ குடித்துவிட்டு வருவது என் வழக்கம். பங்குனி உத்திரத்துக்கு முந்தின நாளும் மறுநாளும் யாரையும் கூப்பிடாதீர்கள். அவரவர் சாஸ்தா கோயிலுக்குக் குடும்பத்தோடு போய்விடுவார்கள், கதாநாயகனும் சேர்த்து.

வெளிச்சத்தில் ஒரு உள்ளூர் ரகசியம் உண்டு. பாபநாசம், கடையம், களக்காடு என்று மலையடிவாரத்தில் எடுக்கும்போது போனில் காட்டும் சூரிய மறைவு நேரத்தை நம்பக் கூடாது. அதற்கு எவ்வளவோ முன்பே சூரியன் மலைக்குப் பின்னால் இறங்கிவிடும். வானம் வெளிச்சமாக இருக்கும், ஆள்மேல் விழும் பொன்வெயில் போய்விடும். அந்தப் பக்கத்தில் மாலைக் காட்சி என்றால் மூன்றரைக்கே எல்லாரும் தயாராக நிற்க வேண்டும். மதியம் யூனிட்டுக்குத் தேங்காய்ப்பால் சொதிச் சாப்பாடு போட்டுவிட்டால் உண்ட மயக்கத்தில் அதுவும் நடக்காது. சொதியைக் கடைசி நாளுக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

முக்கூடல் பக்கத்து ஆச்சி ஒருவர் என் படத்தில் நடித்தார். வாழ்நாளெல்லாம் பீடி சுற்றியவர். சும்மா உட்கார வைத்து வசனம் சொல்லச் சொன்னபோது பள்ளிக்கூடப் பிள்ளை பாட்டு ஒப்பிப்பதுபோல வந்தது. கைகளை எங்கே வைப்பது என்று தெரியாமல் முந்தானையைப் பிடித்துக்கொண்டே இருந்தார். கொஞ்ச நேரம் பொறுத்துப் பார்த்துவிட்டு அவரே கேட்டார். “எய்யா, சொளவ எடுத்து மடியில வச்சிக்கிடட்டா? இன்னைக்குப் போட வேண்டியது வேற கெடக்கு.” மடியில் சொளவு, அதாவது முறம், ஏறியதும் ஆள் வேறானார். நனைத்து வைத்த இலையைத் தகட்டளவுக்குக் கத்தரிப்பது, தூளைக் கிள்ளி வைத்துச் சுருட்டுவது, வாயை மடக்குவது, நூல் சுற்றுவது. வசனம் அந்தக் கைகளுக்குள் தானாகப் போய் உட்கார்ந்துகொண்டது. நான் மூச்சு விடுவார் என்று எழுதிய இடத்தில் அவர் விடவில்லை. வாய் மடக்கும் நொடியில் பேச்சு நிற்கும், நூல் அறுந்ததும் தொடரும். அன்று ராத்திரி அந்தக் காட்சியை முழுக்கத் திருப்பி எழுதினேன், ஒரு பீடி சுற்றி முடிக்கும் நேரத்துக்கு ஒரு வசனம் என்ற அளவில். மறுநாள் முதல் டேக்கே ஓகே.

நடிப்புப் பயிற்சிப் பட்டறையெல்லாம் நல்லதுதான். ஆனால் தொழில்முறை நடிகர் அல்லாதவரிடம் முதலில் கேட்க வேண்டியது, உங்கள் கைக்குப் பழகிய வேலை எது என்பதை. பனையோலை முடைபவர், பத்தமடைக்காரர் என்றால் பாய் நெய்பவர், டீக்கடைக்காரர், யாராக இருந்தாலும் இதே கதைதான். காட்சியை அந்த வேலைக்குள் வைத்து எழுதுங்கள்.

அவர்களுக்குக் கொடுக்கும் பணத்தையும் அப்படியே கணக்கிட வேண்டும். பீடிக்குக் கூலி ஆயிரத்துக்கு இவ்வளவு என்று. ஷூட்டிங்கில் உட்கார்ந்த நாளில் அந்தக் கூலி போய்விடும், கடையில் கணக்கும் விழாது. ஆகவே அந்த நாள் கூலியும் அதற்கு மேல் நடிப்புக்கான தொகையும் அன்று சாயங்காலமே கையில். “படம் ஓடட்டும் ஆச்சி, பொறவு பாத்துக்கிடலாம்” என்கிற பேச்சு என் யூனிட்டில் கிடையாது. அடுத்த படத்துக்கும் அதே தெருவுக்குத்தான் போக வேண்டும்.

இதில் இன்னொரு சங்கதி. அந்தப் படத்தில் ஒருவர்கூட பீடி குடிக்கவில்லை, சுற்ற மட்டுமே செய்கிறார்கள். ஆனால் விதி புகையிலைப் பொருளைக் காட்டினாலும் பொருந்தும், பயன்படுத்தினாலும் பொருந்தும். தொடக்கத்திலும் இடைவேளைக்குப் பின்னும் 30 விநாடி விழிப்புணர்வுப் படம், அதுபோக 20 விநாடி எச்சரிக்கை, பொருள் திரையில் தெரியும் நேரமெல்லாம் கீழே எழுத்து. ஆச்சியின் மிக அழகான குளோசப் முழுக்க அடியில் புற்றுநோய் எச்சரிக்கை ஓடும். எழுதும்போதே தெரிந்திருந்ததால் ஃபிரேமின் கீழே இடம் விட்டு எடுத்தோம். தெரியாதவர்களுக்கு அந்த எழுத்து முகத்தின்மேல் வந்து விழும்.

விலங்குகள். நம் கிராமத்தில் கேமராவைத் திருப்பினால் ஆடு நிற்கும். ஆனால் ஆடு கதையில் ஒரு பாத்திரமாக நடிக்கிறது என்றால் இந்திய விலங்குகள் நல வாரியத்தில் படப்பிடிப்புக்கு முன்னரே அனுமதி வாங்க வேண்டும், முடிந்த பிறகு தடையில்லாச் சான்று வாங்க வேண்டும். இல்லையென்றால் சென்சாரில் நின்றுவிடும். பாபநாசத்தில் பழம் பிடுங்கும் குரங்கைப் பார்த்ததும் ஒரு காமெடி காட்சி தோன்றும், தோன்றாதவர் இல்லை. குரங்கை நடிக்க வைக்கவே சட்டத்தில் இடமில்லை. கரடி, புலி, சிறுத்தை, சிங்கத்துக்கும் அதேதான்.

குழந்தைகள் நடித்தால் மாவட்ட ஆட்சியரிடம் அனுமதி. ஒரு நாளைக்கு 5 மணி நேரத்துக்கு மேல் கூடாது, 3 மணி நேரத்துக்கு மேல் ஓய்வில்லாமல் வேலை வாங்கக் கூடாது, சம்பளத்தில் 20 சதவீதத்தைக் குழந்தையின் பெயரில் வைப்பு நிதியாகப் போட வேண்டும். சின்னப் படம்தானே, யார் கேட்கப் போகிறார்கள் என்று சிலர் சொல்வார்கள். ஐந்து மணி நேரத்துக்கு மேல் எந்தக் குழந்தை நன்றாக நடித்திருக்கிறது? விதி நமக்கும் நல்லதே.

காட்டுக்குள் போகும் காட்சியை நான் எழுதுவதே இல்லை. காரையாறும் மாஞ்சோலையும் களக்காடு முண்டந்துறைப் புலிகள் காப்பகத்தில் வருகின்றன. வனத்துறை அனுமதியும் நிபந்தனைகளும் நம் அளவுக்குத் தாங்காது. மலையைத் தூரத்தில் வைத்து, அதைப் பார்த்துக்கொண்டு ஒருவர் பேசுவதாக எழுதிவிடுவேன். மழைக்காலத்தில் பொதிகை தூரத்திலிருந்து கொடுக்கும் நீலம் உள்ளே போனால் கிடைக்காது. ரயிலும் அப்படித்தான். ரயில்வே அனுமதி வாங்கி ஸ்டேஷனில் எடுப்பதற்குப் பதில், கேட் பூட்டிய ரோட்டில் பைக்கில் காத்திருப்பவரின் முகத்தை எடுத்து ரயிலைச் சத்தமாகக் கொண்டுவரலாம். அந்த முகம் நன்றாக அமைந்துவிட்டால் ரயிலை யாரும் தேட மாட்டார்கள்.

கல்யாண வீடியோவிலிருந்து படத்துக்கு வரும் தம்பிகளுக்கு ஒரு வார்த்தை. கல்யாணத்துக்கு நாம் விநாடிக்கு 25 ஃபிரேமில் எடுத்துப் பழகியவர்கள். தியேட்டருக்கும் விழாக்களுக்கும் டிசிபி (திரையிடுவதற்கான டிஜிட்டல் பிரதி) செய்யும்போது 24 தான் தொல்லையில்லாதது. முதல் நாளே கேமராவில் 24 வைத்துவிடுங்கள். ஷட்டர் 1/50. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் டியூப் லைட்டும் மலிவு எல்இடியும் மினுக்காமல் இருக்க அதுவே பாதுகாப்பு.

இனி காகிதம். சென்னையில் ஒரு தயாரிப்பு நிறுவனம் என் திரைக்கதையைக் கேட்டது. பெயர் வேண்டாம். டோக்கன் அட்வான்ஸ் என்று ஒரு சிறு தொகையை நீட்டி, கூடவே ஆங்கிலத்தில் ஒரு ஒப்பந்தம். உலகம் முழுவதும், எக்காலத்துக்கும், இனி கண்டுபிடிக்கப் போகிற ஊடகங்களுக்கும் சேர்த்து எல்லா உரிமையும் அவர்களுக்கு. எப்போது படம் எடுப்பார்கள் என்று ஒரு வரி இல்லை. பாளையங்கோட்டையில் எனக்குத் தெரிந்த வக்கீல் அண்ணாச்சியிடம் கொண்டு போனேன். அவர் சினிமா வக்கீல் இல்லை, சொத்து வழக்குப் பார்ப்பவர். காப்புரிமை (காப்பிரைட்) சட்டத்தை எடுத்து 19-ஆம் பிரிவைக் காட்டினார். உரிமை மாற்றம் எழுத்தில் இருக்க வேண்டும். காலம் குறிப்பிடவில்லை என்றால் 5 வருடம் என்றே பொருள். இடம் குறிப்பிடவில்லை என்றால் இந்தியா மட்டும். வாங்கியவர் ஒரு வருடத்துக்குள் அந்த உரிமையைப் பயன்படுத்தவில்லை என்றால் அது காலாவதி, ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதியிருந்தால் ஒழிய. “அந்த ‘வேறு மாதிரி’யைத்தான் இவன் மூணு பக்கத்துக்கு எழுதி வச்சிருக்கான்” என்றார். காலத்தை மூன்று வருடமாக்கி, அதற்குள் படம் தொடங்காவிட்டால் உரிமை எனக்கே திரும்பும் என்று ஒரு பத்தி சேர்த்து அனுப்பினேன். பதில் வரவில்லை, போனையும் எடுக்கவில்லை. திரைக்கதை என்னிடமே இருக்கிறது.

கதை சொல்லப் போகும்போது ஒன்லைனை, அதாவது ஒரு வரிக் கதையை, மட்டும் வாயால் சொல்லிவிட்டு வந்து, பிறகு திருடிவிட்டார்கள் என்று புலம்பிப் பயனில்லை. கருத்துக்குக் காப்புரிமை கிடையாது, அதை வெளிப்படுத்திய விதத்துக்குத்தான் உண்டு என்று 1978-லேயே ஆர்.ஜி. ஆனந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆகவே முழுத் திரைக்கதையை எழுதி, சென்னையில் உள்ள திரைப்பட எழுத்தாளர் சங்கத்திலோ டெல்லியில் உள்ள காப்புரிமை அலுவலகத்திலோ பதிந்துவிட்டு, அப்புறம் பேசப் போங்கள். சந்திப்பு முடிந்ததும் ‘இன்று உங்களிடம் சொன்ன கதையின் சுருக்கம்’ என்று ஒரு மின்னஞ்சல் போட்டு வைப்பதும் நல்லது.

அடுத்தவர் கதையை நாம் எடுக்கும்போதும் இதே கணக்குதான். நம் ஊர் எழுத்து ஒரு பெரிய களஞ்சியம். இங்கே காப்புரிமை ஆசிரியர் இறந்து 60 ஆண்டுவரை. புதுமைப்பித்தன் 1948-ல் மறைந்தார், ஆக அவர் கதைகளுக்கு யாரிடமும் கேட்க வேண்டியதில்லை. கி.ரா. மறைந்தது 2021-ல், வண்ணதாசன் நம்மோடு இருக்கிறார். நேரில் போய் வணங்கிவிட்டு வந்தால் மட்டும் போதாது, எழுத்தில் வாங்க வேண்டும். பெரிய எழுத்தாளர்கள் பெருந்தன்மையாக “எடுத்துக்கோ தம்பி” என்று சொல்லிவிடுவார்கள். அந்தப் பெருந்தன்மையை எந்த விழாக் குழுவும் ஆவணமாக ஏற்காது.

சென்சாரைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. விண்ணப்பம் ஆன்லைனில், திரையிடல் சென்னையில். 2023 திருத்தத்துக்குப் பிறகு யு/ஏ என்பது 7, 13, 16 வயது என்று மூன்றாகப் பிரிந்திருக்கிறது, சான்றிதழுக்குக் காலக்கெடுவும் போய்விட்டது. ஏ வாங்கினால் அப்படியே டிவியில் போட முடியாது. சாட்டிலைட் விற்பனையை நம்பி எடுத்தவர்கள் அந்த ஒரு கெட்ட வார்த்தை தேவையா என்று எழுதும்போதே யோசிப்பது நல்லது. எனக்குத் தேவைப்பட்டது, வைத்துக்கொண்டேன்.

படம் முடிந்ததும் எல்லாரும் வடக்கே பார்ப்பார்கள். நெல்லைக்காரர்கள் மேற்கே பார்க்கலாம். சென்னை 600 கிலோமீட்டருக்கு மேல். திருவனந்தபுரம் நாகர்கோவில் வழியாக 150 தான். 1996-ல் தொடங்கிய கேரள சர்வதேச திரைப்பட விழா அங்கே டிசம்பரில் நடக்கிறது. குறும்படத்துக்கும் ஆவணப்படத்துக்கும் அவர்களே 2008 முதல் தனி விழா நடத்துகிறார்கள். டெலிகேட் பாஸ் எடுத்து, காலையில் வரிசையில் நின்று ஒரே நாளில் நாலைந்து படம் பார்ப்பது எந்தத் திரைப்படக் கல்லூரிக்கும் குறைந்ததில்லை. வேட்டியை மடித்துக் கட்டிய ஆட்டோ டிரைவர் ஈரானியப் படத்தைப் பற்றி நம்மிடம் சண்டை போடுவார்.

விழாக்களுக்கு அனுப்பும்போது முதல் திரையிடலைப் பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள். பெரிய விழாக்கள் பல, வேறெங்கும் காட்டாத படத்தைத்தான் போட்டிக்கு எடுக்கும். சொந்தக்காரர்கள் பார்க்கட்டும் என்று யூடியூபில் ஏற்றிவிட்டால் அந்தக் கதவு சாத்திக்கொள்ளும். 2021-ல் ‘கூழாங்கல்’ படம் ரோட்டர்டாம் விழாவில் டைகர் விருது வாங்கிய பிறகு, ‘விழாப் படம்’ என்று சொன்னால் சிரிப்பவர்கள் கொஞ்சம் குறைந்திருக்கிறார்கள். பணம் கொடுப்பவர்கள் கூடவில்லை, அது வேறு விஷயம்.

சாப்பாட்டுக்கு என்ன செய்கிறேன் என்ற அந்தக் கேட்கப்படாத கேள்விக்கு வருகிறேன். கல்யாண வீடியோ, பள்ளி ஆண்டு விழா, பாத்திரக் கடை விளம்பரம். கௌரவக் குறைச்சலாக ஒருபோதும் தோன்றியதில்லை. கல்யாண வீட்டில் கூட்டத்துக்கு நடுவே ஒரு தாயின் முகம் எப்போது உடையும் என்று காத்திருந்து எடுப்பவனுக்கு வேறு ஒத்திகை எதற்கு? ஆடியிலும் மார்கழியிலும் முகூர்த்தம் இல்லை, என் படமெல்லாம் அந்த இரண்டு மாதத்தைச் சுற்றித்தான். ஆடியில் காற்று ஷூட்டிங்குக்கு ஆகாது, எழுத ஆகும். மார்கழியில் பிசானப் பயிர் நல்ல பச்சையில் நிற்கும், மழை ஓய்ந்திருக்கும், வெயில் தணிந்திருக்கும். விடிகாலையில் கோயில் ஸ்பீக்கர் போடுவார்கள் என்பதால் விடியல் காட்சிகளில் மட்டும் வசனம் வைப்பதில்லை. தை பிறந்ததும் கேமராவைத் துடைத்துக்கொண்டு முதல் முகூர்த்தத்துக்குப் போய்விடுவேன். எடிட்டருக்குத் தர வேண்டிய பாக்கி அந்த அட்வான்ஸில்தான் அடையும்.